ஆறுக்கும் ஏழுக்கும் நடுவே

மாடிப்படி பதினொன்றுதான். கொத்தனாருக்கு டீ கொண்டுபோய்க் கொடுத்து, ஒவ்வொரு படியும் எழும்புவதைப் பக்கத்தில் நின்று பார்த்தவள் இர்ஃபானா. அன்று மத்தியானம், மழை இறங்குவதற்குள் கொடியில் கிடந்த துணிகளை அள்ளிக்கொண்டு இறங்கும்போது, ஆறாவது படிக்கும் ஏழாவது படிக்கும் நடுவே அவள் கால் இன்னொரு படியை மிதித்தது.

சில்லென்று இருந்தது. ஈரமும்கூட. கீழே வந்து திரும்பி நின்று எண்ணினாள். பதினொன்று.

துணி மூட்டையை மார்போடு அணைத்தபடி அப்படியே நின்றாள். இது எங்கிருந்து வந்தது என்று அவளுக்குத் தெரியும்.

சின்ன வயதில் அவளும் அண்ணன் ஃபஹத்தும் முத்துப்பேட்டைக் காயலுக்கு அடியில் ஒரு நாடு இருப்பதாகக் கட்டி விளையாடினார்கள். நீரடி நாடு. அங்கே மந்திரமெல்லாம் எண்களில்தான். மூன்று தீயை அணைக்கும், ஐந்து மழையை நிறுத்தும். ஆறுக்கும் ஏழுக்கும் நடுவே அந்த நாட்டில் இன்னொரு எண் உண்டு. சுழித்துச் சுழித்து உள்ளே போய், வெளியே வராமலே நின்றுவிடும் ஒரு கோடு. போனவரைத் திரும்ப அழைக்கிற எண் அது. ஃபஹத்துதான் வரைந்தான். அதற்குப் பெயர் வைக்க மட்டும் இருவருக்குமே பயம்.

அவன் சவூதியில் தம்மாமுக்கு வேலைக்குப் போய் மூன்று வருஷம். அவன் அனுப்பிய பணத்தில் எழும்பிய மாடி, பூச்சுக்கூட இல்லாமல் கம்பி நீட்டிக்கொண்டு நின்றது. நாலு மாதமாகக் கடிதமும் இல்லை, போனும் இல்லை. உம்மா நஃபீசா போன் பக்கத்திலேயே நாற்காலியைப் போட்டு உட்கார்ந்திருந்தாள், சோறுகூட அங்கேதான். அதைப் பார்க்கப் பொறுக்காமல்தான், புதன்கிழமை, மாடியில் அவனுக்கென்று கட்டிய அறையின் நிலைக்கு மேலே செங்கல்லில் கரிக்கட்டியால் அந்த எண்ணை எழுதினாள். விளையாட்டுக்குத்தான் என்று சொல்லிக்கொண்டாள். ஆனால் எழுதும்போது அழுதாள்.

இப்போது ஈரத் துணியோடு ஓடிப்போய் அதைத் தேய்த்தாள். கரி போயிற்று. கோடு போகவில்லை. தேய்க்கத் தேய்க்கச் செங்கல்லுக்குள் இறங்கிக்கொண்டே போயிற்று. கதவிடுக்கிலிருந்து காயல் சேற்றின் வாடை வந்தது. அழுகிய அலையாத்தி இலையும் உப்பும் செத்த மீனும் கலந்து, நாக்கிலேயே வந்து ஒட்டுகிற வாடை. வெளியே தாழ்ப்பாள் போட்டுவிட்டு, எண்ணாமல் இறங்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டே இறங்கினாள். கால் தானாக எண்ணியது.

மஃரிபு தொழுகைக்கு முன்னாலேயே இருட்டிவிட்டது. கரண்ட் போனது. ஐப்பசி மழை தென்னங்கீற்றில் அறைந்து, தகரத்தில் உருண்டு, முற்றத்தில் கொட்டிக்கொண்டிருக்க, அத்தனை சத்தத்துக்கும் அடியில் தலைக்கு மேலே ஒரு நடை கேட்டது. வெறுங்கால். ஈரக்கால்.

"மேல யாருடி நடக்குறது?"

"பூனைம்மா."

"பூனை இப்படியா நடக்கும்?" உம்மா காதைச் சாய்த்தாள். "வலது கால அழுத்தி வைக்கிறான் பாரு. ஃபஹத்து நடை."

"நீங்க உட்காருங்கம்மா."

இர்ஃபானா சிம்னி விளக்கை ஏற்றி உம்மாவின் பக்கத்தில் வைத்துவிட்டு, வாசல் கதவைச் சாத்தப் போனாள். காற்று தள்ளிய கதவோடு வெகுநேரம் மல்லுக்கட்டி, தாழ்ப்பாளில் கை வைத்தபோது போன் அடித்தது. ஓடிவந்து இருட்டில் தடவி எடுத்தாள்.

"இர்ஃபானா, நான்தான். கால் ஒடிஞ்சு ஆஸ்பத்திரில கிடந்தேன். சொன்னா உம்மா தாங்காதுன்னுதான் சொல்லல. இப்ப நல்லாயிருக்கேன். உம்மாட்ட குடு."

கண்ணில் நீர் முட்டச் சிரித்துக்கொண்டே திரும்பினாள்.

மின்னல் வெட்டியது. நாற்காலி காலி. விளக்கும் இல்லை. அடுப்படியில் சோற்றுப் பானை திறந்து கிடந்தது.

"அண்ணே, வச்சிடாதீங்க."

படியேறினாள். ஆறு. குளிர். ஏழு. மாடி அறைக் கதவில் அவள் போட்ட தாழ்ப்பாள் விலகியிருந்தது.

விளக்கைத் தரையில் வைத்து உம்மா சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தாள். தட்டில் சோறும் மீன் ஆணமும். பிசைந்து, உருட்டி, இருட்டு மூலைக்கு நீட்டினாள். முகத்தில் நாலு மாதமாக இல்லாத சிரிப்பு.

கை திரும்பி வந்தது. சோறு இல்லை.

இரண்டு விரலும் இல்லை.

ரத்தம் இல்லை. காயம் இல்லை. பிறந்ததிலிருந்தே இல்லாததுபோல் வழவழவென்று தோல்.

"உம்மா... அண்ணன் போன்ல இருக்காங்க. உம்மா, வாங்க!"

"சும்மா இருடி. பசியா வந்திருக்கான் புள்ள." மிச்ச விரல்களால் அடுத்த உருண்டையைப் பிடித்தாள்.

கீழே ரிசீவருக்குள் சின்னதாக ஒரு குரல். ஹலோ. உம்மா. ஹலோ.

மூலையிலிருந்து அதே குரல். "இன்னும் குடும்மா."

உம்மா கையை நீட்டினாள். இந்தத் தடவை, மணிக்கட்டு வரை.