வாதி ஆஜர்

அன்று காலை பத்து மணிக்கு நவமணி கோர்ட்டுப் படியேறி வந்தபோது நல்ல வெயில். கையில் தாயாரின் மரணச் சான்றிதழ் வைத்திருந்தாள்.

"இப்ராஹிம் அண்ணே, அம்மா தவறி இருபது நாளாச்சு. கேஸு என் பேருக்கு மாறிடும்லா?"

"மனு போட்டாச்சுல்ல? மாறிடும் தங்கச்சி," என்றேன்.

பினாங்கு கோர்ட்டில் பெயர் கூப்பிடும் சேவகன் நான். வாதி இறந்தால் வாரிசு அந்த இடத்தில் நிற்கலாம். யாரும் நிற்காவிட்டால் வழக்கும் செத்துப்போகும். இதுகூடத் தெரியாமலா இத்தனை வருஷம் சம்பளம் வாங்கினேன்?

ஜெலுத்தோங்கில் ஒரு பலகை வீடு, நவமணியின் அப்பா கட்டியது. அவர் போனதும் அவர் தம்பி சின்னையா அடாவடியாகக் குடியேறிவிட்டார். அவள் அம்மா வடிவம்மாள் வழக்குப் போட்டு ஒன்பது வருஷம். மகளைப் பெண் கேட்டு வந்தவர்களையெல்லாம் அந்த அம்மாள் வழக்கைக் காட்டியே விரட்டினார். நவமணிக்கு இப்போது முப்பத்துநான்கு வயது. தங்க ஓர் இடம் இல்லை. அந்த வீட்டை விட்டால் அவளுக்கு வேறு கதியில்லை.

மனுவை எடுக்குமுன் வாதியின் பெயரை மூன்று முறை கூப்பிட வேண்டும், செத்தவரானாலும் சரி. என் குரல் துறைமுகம்வரை கேட்கும் என்று எழுத்து வேலை பார்க்கும் கிராணிமார் கேலி செய்வார்கள். எனக்கு அதில் கர்வம்தான்.

"வாதி வடிவம்மாள்!"

வராந்தா காலியாக இருந்தது.

"வாதி வடிவம்மாள்!"

கற்பூர வாடை வந்தது. அதோடு ஈர மண்ணின் வாடையும்.

அங்கேயே நிறுத்தியிருக்கலாம். நீதிபதி அடுத்த காகிதத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார், யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். பாழாய்ப்போன கர்வம். அடித்தொண்டையில் கத்தினேன்.

"வாதி வடிவம்மாள்!"

"இருக்கேன்."

குரல் என் முதுகுக்குப் பின்னாலிருந்து வந்தது.

திரும்பினேன். வடிவம்மாள்தான். தாடையைச் சுற்றித் துணிக்கட்டு. வாய் அசையவே இல்லை. கால்களைப் பார்த்தேன். பெருவிரல்கள் இரண்டும் சேர்த்துக் கட்டியபடி இருந்தன.

தொப். தொப்.

குதித்துக் குதித்துக் கூண்டுக்குள் போய் நின்றது.

"குழியில வைக்கிறப்ப கட்டு அவுக்க மறந்துட்டோம்ணே," என்று நவமணி முனகினாள்.

நீதிபதி கண்ணுக்கு ஒரு கிழவி தெரிந்தாள், அவ்வளவுதான். யார் இது என்று எதிரே நின்ற பிரதிவாதி சின்னையாவைக் கேட்டார். சின்னையாவின் வேட்டி நனைந்திருந்தது.

"எங்க அண்ணிதான் துரை! வீடு அண்ணிக்கே! இன்னிக்கே காலி பண்ணிடுறேன்!"

தீர்ப்பு அந்த இடத்திலேயே எழுதப்பட்டது: வீடு வாதி வடிவம்மாளுக்கு. தாய் உயிரோடு இருக்கும்போதே இறந்துவிட்டதாகப் பொய் சொன்னாள் என்று நவமணியின் மனு தள்ளுபடியானது. அவள் சான்றிதழை நீட்டிக்கொண்டு கத்தினாள். நான்தான் அவளைப் பிடித்து வெளியே தள்ளினேன். கூண்டைத் திரும்பிப் பார்த்தால், ஈரத்தடம் மட்டும் இருந்தது.

மறுநாள் மத்தியானம் வீட்டை ஒப்படைக்க அமீனாவோடு நானும் போனேன். சின்னையா ராத்திரியோடு ராத்திரியாக ஓடியிருந்தார். நவமணி துணிமூட்டையோடு வாசலில் காத்திருந்தாள். கதவைத் தள்ளினாள். உள்ளே தாழ்ப்பாள் போட்டிருந்தது.

"அம்மா," என்று மெல்லக் கூப்பிட்டாள். "நாந்தாம்மா. தொறங்க."

தொப். தொப்.

கதவுக்கு அந்தப் பக்கம் வந்து நின்றது.

"எனக்கப்புறந்தாண்டி உனக்கு வீடு. நான் இன்னும் இருக்கேனே."

அமீனா கையிலிருந்த ஒப்படைப்புச் சீட்டு நழுவிக் கீழே விழுந்தது. கதவிடுக்கு வழியாக அதை யாரோ உள்ளே இழுத்தார்கள்.

சற்று நேரத்தில் சீட்டு வெளியே வந்தது. வாதி கையொப்பமிடும் இடத்தில், ஈர மண்ணில் ஒரு கட்டைவிரல் ரேகை.