கீழ்ச்சந்துக் குடியரசு

மரிலூ அந்தக் கோடை முழுவதும் கோல் வலைக்கு முன்னாலேயே நின்றாள். கோடை போய், மரமெல்லாம் இலையை உதிர்த்துவிட்டு நின்றபோதும் அவள் அங்கேயேதான் நின்றாள்.

அவளுக்குப் பத்து வயது. வீடு மான்ட்ரியலில். வீட்டுக்குப் பின்னால் நீளமாக ஒரு சந்து. பள்ளிக்கூடம் விட்டதும் பிள்ளைகள் எல்லோரும் அங்கே கூடி ஹாக்கி ஆடுவார்கள். கார் வந்தால் முதலில் பார்க்கிறவர் கத்த வேண்டும். உடனே வலையை ஓரமாகத் தூக்கி வைத்துவிட்டு, கார் போனதும் விட்ட இடத்திலிருந்து ஆட்டத்தைத் தொடர்வார்கள்.

சந்தின் மேல்கோடியில் இருந்தவன் லுடோவிக். பன்னிரண்டு வயது, நல்ல உயரம். வலை அவனுடையது. பந்து அவனுடையது. ஆகவே சட்டமும் அவனுடையதாகிவிட்டது. மரிலூ மாதிரி கீழ்க்கோடிப் பிள்ளைகள் கோல்கீப்பராக நிற்கலாம், வேலி தாண்டிப் போன பந்தை எடுத்து வரலாம். மற்ற எல்லாவற்றையும் மேல்கோடிப் பையன்கள் பார்த்துக்கொள்வார்கள்.

முன்பெல்லாம் அப்படி இல்லை. எல்லா மட்டைகளையும் நடுவில் குவிப்பார்கள். ஒருவர் குல்லாயை மூக்கு வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டு, கையில் அகப்பட்ட மட்டையை இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று என்று வீசுவார். மட்டை எந்தப் பக்கமோ, ஆளும் அந்தப் பக்கம். ஒவ்வொரு பக்கமும் கடைசியாக விழுந்த மட்டைக்காரர் கோல்கீப்பர். இந்தக் கோடையில்தான் லுடோவிக் அதை நிறுத்தினான். நேரம் வீணாகிறதாம்.

குளிர் வந்தால் ஹாக்கிப் பந்து கல்லாகிவிடும். முழங்காலில் பட்டால் பொறி கலங்கும். அக்டோபரில் ஒருநாள் அப்படிப் பட்டு, மரிலூ நொண்டிக்கொண்டே லுடோவிக்கிடம் போனாள். இன்றைக்கு ஒருநாள் முன்னால் ஆடட்டுமா என்று கேட்டாள்.

"நீதான் நல்லா தடுக்கறியே. அப்புறம் எதுக்கு மாத்தணும்?" என்றான் லுடோவிக். அவன் அதைப் பாராட்டாகத்தான் சொன்னான்.

மரிலூ நொண்டிக்கொண்டே வீட்டுக்குப் போனாள்.

வீட்டிலும் நிம்மதி இல்லை. அவர்கள் இருந்த கியூபெக் மாநிலம் தனி நாடாகப் போகலாமா, கனடாவோடு இருக்கலாமா என்று ஊரே ஓட்டுப் போடப்போகிற மாதம் அது. இரண்டாவது மாடியில் அப்பா பால்கனியில் "ஆம்" என்று பெரிய அட்டை கட்டியிருந்தார். நேர் மேலே மூன்றாவது மாடியில் ரொசேர் மாமா "வேண்டாம்" என்று அதைவிடப் பெரிய அட்டை கட்டியிருந்தார். சந்தில் போகிறவர்கள் அண்ணாந்து பார்த்துச் சிரித்துவிட்டுப் போனார்கள்.

அன்று இரவுச் சாப்பாட்டிலும் அதே பேச்சுதான்.

"நம்மளப் பத்தி நாமதான் முடிவு பண்ணணும், மச்சான். அவ்வளவுதான் நான் சொல்றது," என்றார் அப்பா.

"பிரிஞ்சு போறது லேசு. நாளைக்கு உங்க வீட்டுக்குள்ளயே ஒருத்தர் கோடு கிழிச்சா என்ன பண்ணுவீங்க?" என்றார் மாமா, உருளைக்கிழங்கைக் குத்தியபடி.

அம்மா எந்தப் பக்கம் என்று யாருக்கும் தெரியாது. ஓட்டு ரகசியம், சூப் வேணுமா வேண்டாமா, அதை மட்டும் சொல்லுங்கள் என்றாள்.

மரிலூவின் காதில் அப்பா சொன்னது மட்டும்தான் ஏறியது.

மறுநாள் அவள் ஒரு சாக்பீஸோடு சந்துக்கு வந்தாள். நடு மின்கம்பத்தருகே குனிந்து, இந்த வேலியிலிருந்து அந்த வேலி வரைக்கும் கோடு போட்டாள். லுடோவிக் மட்டையை ஊன்றிக்கொண்டு வேடிக்கை பார்த்தான்.

"என்ன இது?"

"எல்லை. இதுக்குக் கீழ எங்க நாடு. கீழ்ச்சந்துக் குடியரசு."

"வலை என்னோடது."

"வச்சுக்கோ."

"பந்தும் என்னோடது."

"அதையும் வச்சுக்கோ," என்றாள் மரிலூ. அவளுக்குள் ஒரே சந்தோஷம். பல் வெளியே தெரியாமல் பார்த்துக்கொண்டாள்.

புது நாட்டின் குடிமக்கள் மொத்தம் நான்கு பேர். மரிலூ, ரொட்டிக் கடைக்காரர் வீட்டு இரட்டையர் ரெமியும் ரொமேனும், பிறகு எட்டு வயது விட்லின். விட்லினின் அப்பா அம்மா ஹெய்ட்டியிலிருந்து வந்தவர்கள். அவளோ இந்தச் சந்திலேயே பிறந்தவள். ஆள்தான் சின்னவள், வாய் பெரிது. எல்லைக் காவல் வேலையை அவளே எடுத்துக்கொண்டாள். மடக்கு நாற்காலியைக் கோட்டருகே போட்டு உட்கார்ந்து, வருகிறவர்களிடம் பாஸ்போர்ட் கேட்டாள். சந்தில் திரியும் ஆரஞ்சுப் பூனையை மட்டும் விசாரிக்காமல் விட்டாள். அதற்கு இரண்டு நாட்டிலும் சாப்பாடு உண்டு.

இரண்டு குப்பைத் தொட்டிகள் கோலாயின. ஒரு பழைய டென்னிஸ் பந்து கிடைத்தது. முதல் நாள் அவர்கள் ஆடிய ஆட்டத்தில் கோல்கீப்பரே கிடையாது. எல்லோரும் பந்தின் பின்னால் ஓடினார்கள், எல்லோரும் கோல் போட்டார்கள், எல்லோரும் கத்தினார்கள். மரிலூ அந்த அளவுக்கு ஒருபோதும் ஓடியதில்லை.

இரண்டாவது நாளே அலுத்துவிட்டது. தடுக்க ஆளில்லாத கோலில் யார் வேண்டுமானாலும் போடலாம், அதில் என்ன பெருமை? கோல்கீப்பர் வேண்டும் என்றான் ரெமி. ஆனால் தான் நிற்க மாட்டேன் என்றான். ரொமேனும் மாட்டேன் என்றான். மரிலூ கோடை முழுவதும் நின்றவள். அவளைக் கேட்கவே வேண்டாம்.

"விட்லின், நீ நில்லு. நீதான் சின்னவ, உனக்கு அதுதான் சரியா இருக்கும்," என்றாள் மரிலூ.

விட்லின் முகம் சுருங்கியது. ஆனாலும் போய் நின்றாள். அன்றும் நின்றாள், மறுநாளும் நின்றாள்.

அதற்கடுத்த நாள் மரிலூ சந்துக்கு வந்தபோது, குப்பைத் தொட்டிகளைச் சுற்றிச் சாக்பீஸால் ஒரு வட்டம் போட்டிருந்தது. வட்டத்துக்குள் மடக்கு நாற்காலி. அதில் கையைக் கட்டிக்கொண்டு விட்லின்.

"இது என் நாடு," என்றாள். "உள்ள வராதீங்க. பந்தும் வரக்கூடாது."

இரட்டையர் விழுந்து விழுந்து சிரித்தார்கள். மரிலூவுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"கோலை எடுத்துக்கிட்டு யாராவது தனி நாடு போவாங்களா? அப்புறம் நாங்க எப்படி ஆடறது? நீதான் நல்லா தடுக்கறியே, உனக்கு என்ன குறைச்சல்?"

சொல்லி முடிக்கும்போதே அவளுக்குச் சுருக்கென்றது. அது லுடோவிக்கின் பேச்சு. அவள் வாயிலிருந்து அப்படியே வருகிறது.

மரிலூ வட்டத்தின் ஓரமாகத் தரையில் உட்கார்ந்தாள். தரை ஜில்லென்று இருந்தது. ரொசேர் மாமா உருளைக்கிழங்கைக் குத்தியபடி சொன்னது இப்போதுதான் அவள் காதில் ஏறியது. வீட்டுக்குள்ளேயே ஒருத்தர் கோடு கிழித்தால்? இதோ, கிழித்தாயிற்று. கோட்டை அழித்துவிடலாம், அவள்தான் பெரியவள். ஆனால் லுடோவிக் அவள் போட்ட கோட்டை அழிக்கவில்லையே.

"உன் நாட்டுக்கு என்ன வேணும்?" என்று கேட்டாள்.

விட்லின் யோசித்தாள். அவளை யாரும் அப்படிக் கேட்டதில்லை.

"கோல்ல நிக்கறது எனக்குக் கஷ்டமில்ல. தினமும் நான்தான்னு நீங்களே வச்சுட்டீங்க பாரு, அதுதான் புடிக்கல. என்னைக் கேட்டிருக்கலாம்ல?"

மரிலூ எழுந்தாள். தன் மட்டையைக் கொண்டுவந்து நடுவில் போட்டாள். இரட்டையரின் மட்டைகளையும் பிடுங்கி அதன்மேல் போட்டாள். பிறகு தன் குல்லாயைக் கழற்றி விட்லினிடம் நீட்டினாள். விட்லின் தன் மட்டையையும் குவியலில் சேர்த்து, குல்லாயை மூக்கு வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டு மட்டைகளை வீசினாள். அன்று கடைசியாக மிஞ்சியது மரிலூவின் மட்டை. அவள் முனகாமல் போய் கோலில் நின்றாள். வட்டம் அப்படியே இருந்தது, யாரும் அழிக்கவில்லை.

இதற்கிடையில் மேல் நாட்டின் நிலைமை பரிதாபமாக இருந்தது. அங்கே நல்ல வலை இரண்டு, புதுப் பந்து ஒன்று, கோலில் நிற்க ஒருவரும் இல்லை. லுடோவிக்கும் நண்பர்களும் வெறும் வலைக்குள் பந்தை அடித்து அடித்து எடுத்தார்கள். கீழே இருந்து சிரிப்புச் சத்தம் வரும்போதெல்லாம் ஆட்டத்தை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தார்கள்.

ஓட்டுப் போடும் திங்கட்கிழமை வந்து போயிற்று. மயிரிழையில் "வேண்டாம்" ஜெயித்தது. மறுநாள் அப்பா இரண்டாவது மாடியில் காப்பிக் கோப்பையோடு மௌனமாக உட்கார்ந்திருந்தார். ஜெயித்த ரொசேர் மாமாவும் மூன்றாவது மாடியில் மௌனமாகத்தான் உட்கார்ந்திருந்தார். ஊரில் பாதிப் பேர் வருத்தமாக இருக்கும்போது எப்படிக் கைதட்டுவது என்று அவருக்குத் தெரியவில்லை. இருவருக்கும் நடுவில் ஒரு தளம்தான், பேச்சு மட்டும் இல்லை.

பிள்ளைகளுக்கு அன்று ஹாலோவீன். மிட்டாய் கேட்டு வீடு வீடாகப் போவதற்கு முன்னால் ஒரு ஆட்டம் போடலாம் என்று வேஷத்தோடு வந்துவிட்டார்கள். மரிலூ கடற்கொள்ளைக்காரி. விட்லின் தேனீ. உள்ளே குளிர்க்கோட்டு போட்டிருந்ததால் நன்றாகத் தேன் குடித்த தேனீ மாதிரி உருண்டையாக இருந்தாள்.

கோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு ரத்தக்காட்டேரி வந்து நின்றது. கறுப்பு அங்கி, கடைவாயில் பிளாஸ்டிக் பல். லுடோவிக்தான். ஒரு கையில் வலை, ஒரு கையில் பந்து.

"பாஸ்போர்ட்?" என்றது தேனீ.

லுடோவிக் பல்லைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டான். பல்லோடு பேச வரவில்லை.

"எல்லாரும் மறுபடி ஒண்ணா ஆடலாமா? முன்ன மாதிரி?"

"முன்ன மாதிரி வேண்டாம்," என்றாள் மரிலூ. "முன்னுக்கும் முன்ன ஆடுவோமே, அது மாதிரின்னா வா. மட்டையக் குவியல்ல போடு."

லுடோவிக் தன் மட்டையைப் பார்த்தான். பிறந்தநாளுக்கு வந்த புது மட்டை. ஒரு நிமிடம் தயங்கினான். பிறகு கோட்டைத் தாண்டி வந்து குவியலில் போட்டான். அவன் நண்பர்களும் போட்டார்கள்.

மரிலூ பால்கனிகளை அண்ணாந்து பார்த்தாள். அங்கேயும் இரண்டு பேர் வேடிக்கைதான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கீழே வந்து ஆடச் சொன்னாள். மட்டை இல்லையே என்றார் அப்பா. விளக்குமாறு இருக்கிறதே என்றாள் மரிலூ. பிறகு இரும்புப் படிக்கட்டில் தடதடவென்று இரண்டு ஜோடிக் காலடிகள் இறங்கி வந்தன. குவியலில் இரண்டு விளக்குமாறுகள் சேர்ந்தன.

தேனீ குல்லாயை இழுத்துவிட்டுக்கொண்டு வீசத் தொடங்கியது. அப்பாவின் விளக்குமாறு இடது பக்கம் போய் விழுந்தது. மாமாவுடையது வலது பக்கம்.

"இதுலயுமா?" என்றார் மாமா.

அப்பாவுக்குச் சிரிப்பு அடக்க முடியவில்லை. "விதி, மச்சான்," என்றார். அன்றைக்கு அவர்கள் பேசிக்கொண்ட முதல் பேச்சு அதுதான்.

அப்பாவின் பக்கத்துக்குக் கடைசியாக விழுந்தது லுடோவிக்கின் புது மட்டை. எல்லோரும் அவனைத் திரும்பிப் பார்த்தார்கள். லுடோவிக் பல்லை மாட்டிக்கொண்டு, அங்கியைச் சுருட்டி இடுப்பில் செருகிக்கொண்டு, நேரே வலைக்கு முன்னால் போய் நின்றான். பந்து முழங்காலில் பட்டபோது காட்டேரி பொறி கலங்கி ஒற்றைக் காலில் குதித்தது. அப்போது அவன் மரிலூவைத் திரும்பிப் பார்த்த பார்வையில், கோடை முழுவதும் புரியாத ஒன்று புரிந்தது தெரிந்தது.

மாமா விளக்குமாற்றால் பந்தைவிடச் சருகைத்தான் அதிகம் தள்ளினார். விட்லின் அந்தச் சருகுக்கு நடுவே புகுந்து ஓடி, காட்டேரியின் கால்களுக்கு இடையே பந்தைச் செலுத்தினாள். அது அவள் லுடோவிக்குக்கு எதிராகப் போட்ட முதல் கோல். அடுத்த வீட்டு பால்கனிக்காரர்கள் கூடக் கைதட்டினார்கள்.

தெருவிளக்கு எரிந்ததும் மிட்டாய்ப் பைகளை எடுத்துக்கொண்டு எல்லோரும் கிளம்பினார்கள். லுடோவிக் கோட்டருகே நின்று காலால் அதைக் காட்டினான்.

"இனிமே இது தேவையில்லல்ல? அழிச்சிடவா?"

"அழிச்சுக்கோ," என்றாள் விட்லின். பிறகு தன் மஞ்சள் கறுப்பு வயிற்றுக்குள் கையை விட்டு, ஒரு முழு சாக்பீஸை எடுத்துக் காட்டிவிட்டு, மறுபடி பத்திரமாக உள்ளே வைத்துக்கொண்டாள்.