குடிச்சு முடிக்கட்டும்

"இப்ப! வாயைத் திறக்கறான் பாருங்க... இப்ப இழுத்து அணைங்க!"

நர்ஸ் போட்ட அதட்டலில் சின்னவள் குழந்தையைச் சட்டென்று மார்போடு சேர்த்தாள். மூக்குக்கு நேராகக் காம்பு, உள்ளங்கையில் பிடரி, மார்பில் பதிகிற மாதிரி முகவாய். எல்லாம் சொல்லிக்கொடுத்தபடியே செய்தாள். காம்பு உதட்டில் பட்டதுதான் தாமதம், சூடு பட்டவன்போல் முகத்தைத் திருப்பிக்கொண்டு வீறிட்டான். குட்டி முஷ்டி அவள் மார்பைத் தள்ளியது. தள்ளிய இடத்திலிருந்து பால் பீறிட்டு அவன் காதோரம் வழிந்தது.

"அடேயப்பா, பொறந்து மூணு வாரம் ஆகல, அதுக்குள்ள என்ன பிகு! விருந்துக்கு வந்த மாப்பிள்ளை தோத்தான்."

சின்னவளுக்குச் சிரிப்பு வரவில்லை. மார்பு இரண்டும் கல்லாகக் கனத்தன. பெற்ற பிள்ளையே வேண்டாம் என்று தள்ளினால் அந்தக் கனத்தை எங்கே இறக்கிவைப்பது?

வெளியே மழை. பகலிலேயே விளக்குப் போட்டிருந்தார்கள். வாசற்படியில் மடித்த துண்டுகளோடு அக்கா நின்றிருந்தாள். அம்மா போன பிறகு சின்னவளுக்குத் தலை பின்னி, சோறு ஊட்டி, பள்ளிக்கூடம் அனுப்பி ஆளாக்கியவள். வயிற்றில் பிள்ளை தங்கியிருக்கிறது என்று தெரிந்ததும் கணவனுக்குக்கூடச் சொல்லாமல் முதலில் அக்காவுக்குத்தான் போன் போட்டாள் சின்னவள். அப்போது அக்கா வெளியூர் ஆஸ்பத்திரியில், வயிற்று ஆபரேஷன் முடிந்து கிடந்தாள். தேறமாட்டாள் என்று எல்லோரும் கையை விரித்திருந்தார்கள். அப்படிப்பட்டவள் கன்னத்தில் சதை வைத்துத் திரும்பி வந்ததே அதிசயம். சின்னவளின் கணவன் வெளியூர் வேலைக்குக் கிளம்பிப் போன மறுநாள் பெட்டியோடு வந்து இறங்கிவிட்டாள். எவ்வளவு புழுங்கினாலும் தோளைச் சுற்றிய கனத்த சால்வையை மட்டும் எடுக்கமாட்டாள்.

நர்ஸ் குழந்தையை எடைத் தட்டில் கிடத்தினாள். புருவம் உயர்ந்தது.

"நல்லா ஏறியிருக்கே! உங்ககிட்ட குடிக்கலைன்னா எப்படி?"

"டப்பாப் பால்மா. நான்தான் கரைச்சு ஸ்பூன்ல ஊட்டறேன்" என்றாள் அக்கா. கேள்வி முடிவதற்குள் பதில் வந்துவிட்டது.

"ஸ்பூன்லயா?" நர்ஸ் குழந்தையின் மேலுதட்டைத் தூக்கிப் பார்த்தாள். நடுவில் வெளிறிய சின்னக் கொப்புளம். "இது உறிஞ்சி உறிஞ்சி வர்றது. ஸ்பூன்ல குடிக்கற குழந்தைக்கு வராதே!"

உறை போட்ட விரலை அவன் வாய்க்குள் வைத்தாள். அவன் ஆவலாகக் கவ்விக்கொண்டான்.

"யப்பா, என்ன இழுப்பு!" என்று சிரித்தவள் சட்டென்று விரலை உருவிக்கொண்டாள். "வாய் ஏன் இப்படிச் சில்லுனு இருக்கு?"

"மழையில்ல?" என்று சொல்லிக் குழந்தையை வாரிக்கொண்டாள் அக்கா. "நீ படு சின்னு. நான் பசியாத்தித் தூங்க வைக்கறேன்."

அவள் போன பிறகும் அறையில் ஒரு வாடை நின்றது. நாள்பட்டுத் திறக்காத தண்ணீர்த் தொட்டியின் மூடியைத் தூக்கினால் முகத்தில் அடிக்குமே, அந்த வாடை. பசியாற்றிக் கொண்டுவரும் குழந்தையின் மேல் கொஞ்ச நாளாகவே அது இருந்தது. பால் புளித்த வாடை என்று சின்னவள் தன்னையே சமாதானப்படுத்திக்கொண்டிருந்தாள்.

பையைப் பூட்டியபடி நர்ஸ் குரலைத் தாழ்த்தினாள். "இவனுக்கு மாரைப் பிடிக்கத் தெரியும்மா. யாரோ நல்லாப் பழக்கி வச்சிருக்காங்க. உங்ககிட்டதான் மாட்டேங்கறான். காம்புல ஏதாவது தடவறீங்களா?"

"வெடிப்புக்கு அக்கா ஒரு களிம்பு போட்டுவிடுவா."

"கழுவிட்டுக் குடுத்துப் பாருங்க. இந்த வயசுலேயே நாக்கு ரொம்ப நீளம்."

வாசல் கேட் கிறீச்சிட்டு மூடியது. வீட்டில் மழைச் சத்தம் மட்டும்.

தலைமாட்டில் இருந்த களிம்பு டப்பாவைத் திறந்தாள். சுண்டுவிரல் நுனியில் தொட்டு நாக்கில் வைத்தாள்.

கசப்பு. அடிநாக்கைச் சுருட்டி, தொண்டையில் இறங்கி, கண்ணில் நீர் வரவைத்த கசப்பு. நடக்கிற வயதிலும் பால் கேட்டு அடம்பிடிக்கிற பிள்ளைக்குக் குடி மறக்கடிக்கத் தடவுவார்களே, அது. சிறுவயதில் முழங்கால் சிராய்ப்புக்கு ஊதிய அதே வாயால் ஊதி ஊதி, வலிக்காமல், வேளை தவறாமல், பூப்போலத் தடவிவிட்டிருக்கிறாள். அக்கா!

பிரசவத் தையல் சுருக்சுருக்கென்று இழுக்க, சுவரைப் பிடித்துக்கொண்டு சமையலறைக்குப் போனாள். பால் டப்பா அலமாரியில் இருந்தது. மூடியைத் திருகினாள். உள்ளே வெள்ளித்தாள் கிழியாமல் பளபளத்தது.

அப்படியானால் அவன் எதைக் குடிக்கிறான்?

வெந்நீரில் துணியை நனைத்து மார்பை அழுத்தித் துடைத்தாள். தோல் சிவந்தது. எரிந்தது. எரியட்டும். இப்போதே போய்ப் பிள்ளையை வாங்கி...

க்ளக்.

கை நின்றது.

க்ளக்... ஒரு குட்டி மூச்சு... க்ளக்.

வாகாகப் பிடித்துக் குடிக்கிற குழந்தை விழுங்கும் சத்தம். நர்ஸ் அதைச் சொன்ன நாளிலிருந்து தன் மார்புக்கடியில் கேட்கவேண்டும் என்று அவள் தவம் கிடந்த சத்தம். சாத்தியிருந்த அக்காவின் அறைக்குள்ளிருந்து வந்தது.

பிள்ளை பெறாதவளுக்குக்கூட மாத்திரை போட்டுப் பால் சுரக்க வைக்கலாம் என்று எதிலோ படித்தது நினைவுக்கு வந்தது. கட்டியவன் விட்டுப்போய், பிள்ளையும் இல்லாமல் நின்றவள் அக்கா. ஏக்கம் இருக்கும். வாய்விட்டுக் கேட்டிருந்தால் நானே மடியில் போட்டிருப்பேனே! திருடவா வேண்டும்? அதுவும் என் மார்பைக் கசப்பாக்கிவிட்டு?

கதவைத் தள்ளினாள்.

திரை இழுத்த இருட்டு. தொட்டி வாடை குப்பென்று அடித்தது. கட்டில் விளிம்பில், முதுகைக் காட்டியபடி அக்கா. தலை குனிந்திருந்தது.

க்ளக்.

"உன் பாலை என் பிள்ளைக்குக் குடுக்கறியா? அதுக்குத்தான் என் மார்ல கசப்பைப் பூசினியா? சொல்லுக்கா!"

அக்கா மெதுவாகத் திரும்பினாள். கைகள் காலியாக இருந்தன. மடியும் காலி.

"என் பாலா?"

சால்வையை நழுவவிட்டாள். ரவிக்கைப் பொத்தான்களை ஒவ்வொன்றாகக் கழற்றி விரித்தாள்.

பலகைபோல் தட்டையாக இருந்தது. மார்பு இருந்த இடத்தில் இரண்டு நீளத் தழும்புகள்.

"ஆபரேஷன் வயித்துல இல்லடி."

க்ளக்.

அக்காவுக்குப் பின்னால். சுவரோரம். தொட்டில்.

கொசுவலை இறக்கிவிட்டிருந்தது. ஒவ்வொரு விழுங்கலுக்கும் அது உள்ளிருந்து உப்பி, தணிந்தது. உள்ளே வெளிறிய ஏதோ ஒன்று குனிந்திருந்தது. பிள்ளையின் முகவாய் அதில் நன்றாகப் பதிந்திருந்தது. கீழுதடு வெளியே மடிந்திருந்தது. கன்னம் குழியவில்லை. நர்ஸ் சொல்லிக்கொடுத்த அதே பிடி. ஒரு குறையும் இல்லை. அவன் பிடரியைத் தாங்கியிருந்த விரல்கள் மட்டும் தலையைச் சுற்றிக்கொண்டு, மறுபடி சுற்றிக்கொண்டு, முடிவில்லாமல் போய்க்கொண்டிருந்தன.

பாய்ந்தாள். மணிக்கட்டை அக்கா பிடித்துக்கொண்டாள். இரும்புப் பிடி.

"குடிச்சு முடிக்கட்டும்டி. பாதியில பிடுங்கினா அவனை இங்க விட்டுட்டுப் போகாது."

"விடுக்கா... என் பிள்ளை, அக்கா..."

"அன்னிக்கு ஆஸ்பத்திரியில, விடியறதுக்குள்ள என் கதை முடிஞ்சிடும்னு டாக்டர் சொன்னாரு. பக்கத்துல ஒருத்தரும் இல்ல. இதுதான் வந்து உக்காந்துச்சு. உயிரைத் தரேன், வளர்க்க ஒரு பிள்ளையைக் குடுன்னு கேட்டுச்சு." அக்கா விசும்பினாள். பிடி தளரவில்லை. "எனக்கு ஏதுடி பிள்ளை?"

க்ளக். க்ளக். அந்தச் சத்தத்துக்கு ஏங்கி, சின்னவளின் மார்பிலிருந்து பால் தானாகப் பெருகி ரவிக்கையை நனைத்து வயிற்றில் வழிந்தது.

"இல்லைன்னுதான் சொல்ல வாயெடுத்தேன், சின்னு. சத்தியமா. அந்த நேரம் பார்த்துத்தான் உன் போன் வந்துச்சு."

வலைக்குள், அது குழந்தையை மறுபக்கத்துக்கு மாற்றிப் போட்டுக்கொண்டது.