பாடையில் ஒரு சிரிப்பு

1965 ஜூலை. மழை வெளுத்து வாங்கிக்கொண்டிருந்தது. செம்பூர் ஸ்டுடியோவின் சின்னத் திரையரங்குக்குள் அனந்தநாராயணன் குடையை மடக்கிக்கொண்டு நுழைந்தபோது பகல் பதினொரு மணி. நாலு நாளைக்கு முன் எடுத்த சாவுக் காட்சியைப் போட்டுப் பார்க்க வேண்டும். கேமராமேன் அபுதாஹிர் முன்னதாகவே வந்து உட்கார்ந்திருந்தார்.

உள்ளே பதனிட்ட தோலின் வாடை அடித்தது.

மாதுங்கா அனந்தநாராயணன் என்று பெயர் சொன்னால் யாருக்கும் தெரியாது. முகத்தைக் காட்டினால் பம்பாய்க்கே தெரியும். பன்னிரண்டு வருஷமாக இந்திப் படங்களில் வில்லனின் அடியாள். கடைசி ரீலில் எப்படியும் சாக வேண்டும். முப்பத்தோரு தடவை செத்திருந்தார். பிணமாகப் படுத்தவரை எழுந்திருக்கும் முன் ஒருமுறை சிரிக்கவைத்துப் படம் பிடிப்பது சினிமாக்காரர்கள் வழக்கம். அப்படிச் செய்தால் சாவு படத்தோடு போய்விடும், ஆளோடு வீட்டுக்கு வராது என்று நம்பிக்கை. அந்தச் சிரிப்பை எடுக்காமல் அவர் ஒரு நாளும் பாடையை விட்டு இறங்கியதில்லை.

டைரக்டர் நாற்காலியில் உட்கார்ந்ததும் எல்லாம் மறந்துபோயிற்று. மனுஷ புத்தி அப்படித்தான்.

அவருடைய முதல் படத்தில் பிணமாகப் படுத்தவன் தாராவி சொரிமுத்து. தோல் கிடங்கில் வேலை. எப்போதாவது துண்டு வேஷம். ஷாட் முடிந்ததும் படுத்தபடியே கேட்டான்.

"சாமி, ஒரு சிரிப்பு மட்டும் எடுத்திருங்க. வீட்ல அவ புள்ளத்தாச்சியா இருக்கா."

"சர்க்கார் பெர்மிட்ல அளந்து குடுக்கற ஃபிலிம்டா. உன் பல்லைப் பிடிக்கறதுக்கா வாங்கினேன்? எழுந்திரு!"

ஐந்தாம் நாள் சொரிமுத்து கிடங்கில் நின்ற வாக்கில் சாய்ந்தான். ஏன் செத்தான் என்று டாக்டருக்கும் தெரியவில்லை.

அதற்கப்புறம்தான் அவன் நடித்த சுருள் முழுக்கக் கீறல் விழுந்திருப்பது தெரிந்தது. காட்சியைத் திரும்ப எடுத்தாக வேண்டும். சங்கதி பரவியிருந்ததால் பாடையில் படுக்க ஒருவரும் வரவில்லை. அனந்தநாராயணனே நரைமுடி ஒட்டிக்கொண்டு படுத்தார். ஷாட் முடிந்ததும் வெட்கத்தை விட்டுக் கத்தினார்.

"தாஹிர் பாய், நிறுத்தாதீங்கோ! ஓடட்டும்!"

வாய் வலிக்கச் சிரித்தார். அந்தச் சிரிப்பு ஃபிலிமில் விழுந்திருக்கிறதா என்று பார்க்கத்தான் இன்று வந்திருந்தார். பார்த்துவிட்டால் உயிர் தப்பியது என்று நிம்மதியாகத் தூங்கலாம். நாளைக்கு ஐந்தாம் நாள்.

விளக்கு அணைந்தது.

சத்தம் சேர்க்காத படம். திரையில் பாடை, அதன்மேல் மாலையும் நெற்றிக் காசுமாக அவர். கேமரா மெல்ல முகத்தருகே போயிற்று. இனிமேல்தான் சிரிப்பு.

அவர் சிரிக்கவில்லை.

கண் மூடியே கிடந்தது. ஃபிலிம் ஓடிக்கொண்டே இருந்தது.

தலைமாட்டு இருட்டிலிருந்து இன்னொரு முகம் குனிந்தது.

சொரிமுத்து.

நேராகக் கேமராவைப் பார்த்து, பல் அத்தனையும் தெரிய, ஆசை தீரச் சிரித்தான்.

தோல் வாடை குப்பென்று ஏறியது.

"பாய்... நான் சிரிச்சேனே. நீங்க பாத்தேளே?"

"பாத்தேன் சார். என் கண்ணால பாத்தேன்." அபுதாஹிர் நாற்காலியை விட்டு எழுந்தார். "ஆனா இத நான் எடுக்கல."

"இப்பவே திரும்ப எடுக்கலாம். வாங்கோ. ஒரு நிமிஷம் போறும்."

"ஃபிலிம் ஒரு அடிகூட இல்ல சார். அடுத்த பெர்மிட்டுக்குப் பதினஞ்சு நாளாவும்."

குடையை அங்கேயே போட்டுவிட்டு ஓடிவந்தார். மாதுங்கா வீட்டு மாடி ஏறுகிறவரை திரும்பிப் பார்க்கவில்லை. அவர் மனைவி ஷ்யாமளா கதவைத் திறந்தாள்.

"இப்படியா நனையறது? உள்ள வாங்கோ" என்றவள், அவர் தோளுக்குப் பின்னால் பார்த்துவிட்டுப் புடவைத் தலைப்பை இழுத்து விட்டுக்கொண்டாள்.

"கூட வந்திருக்கறவரையும் கூப்பிடுங்கோளேன். பாவம், உங்க குடையைப் பிடிச்சிண்டு, சிரிச்சிண்டே நிக்கறார்."