டீயில் விழுந்த மாத்திரை

மனிதத் தோல் ஒன்றின் விலை, மூன்றணா!

ஆட்டுத் தோலுக்கே ஒன்றரை ரூபாய் கேட்கிற ஆம்பூரில் இத்தனை மலிவா என்று மலைக்காதீர்கள். பஜார் மருந்துக் கடையில் ஒரு சீசா பேதி மாத்திரையின் விலை அது. அந்த மாத்திரைதான் தோல் பதனிடும் டேனரியின் முதலாளி முக்தார் அகமதுவின் தோலை...

இருங்கள். முதலில் அலறல்.

"யா அல்லா! ஓடியாங்களேன்! அவங்க உடம்பப் பாருங்களேன்!"

அலறியவள் முக்தாரின் மனைவி அஃப்ஸர் ஜஹான். வருஷம் 1931. வெயில் அப்போதுதான் ஜன்னலில் ஏறியிருந்தது.

மாடிப்படிகளைத் தாவிக் கடந்து வந்தான் மக்பூல். அவளுடைய தம்பி. டேனரியில் கால் பங்குக் கூட்டாளி.

கட்டிலைப் பார்த்தான்.

உறைந்தான்!

முக்தாரின் கழுத்து, அக்குள், தொடையிடுக்கு... எங்கும் ரத்தச் சிவப்பு. அந்தச் சிவப்பின் மேல் கடுகை வாரி இறைத்த மாதிரி வெள்ளை வெள்ளையாய்ச் சீழ்க் கொப்புளங்கள். எண்ண முடியாத அளவு! உடம்பு அடுப்பாய்க் கொதித்தது.

"ஆபா... எப்போலேர்ந்து இப்டி?"

"விடியக்காலம் குளுருதுன்னாங்க. போர்வை போத்தி வுட்டேன். இப்ப எடுத்துப் பாத்தா..."

முக்தாரின் உதடுகள் அசைந்தன.

"டீ... டீயில... இன்னாவோ கசப்பு..."

மக்பூல் கட்டிலிலிருந்து ஓரடி பின்வாங்கினான்.

முந்தாநாள் சாயங்காலம் அந்த டீயைக் கலக்கிக் கொடுத்தவன் அவன்தான்!

*

டாக்டர் தேவசகாயம் ஜட்கா வண்டியில் வந்து இறங்கினார். அஃப்ஸர் ஜஹான் திரைக்குப் பின்னால் போய்விட்டாள்.

"அம்மைதான் டாக்டர்!" என்றான் மக்பூல். கேட்காமலேயே சொன்னான்.

டாக்டர் அவனை ஏற இறங்கப் பார்த்தார்.

"அம்மைன்னா ரெண்டு மூணு நாள் ஜுரம் காஞ்சு, அப்புறம் மூஞ்சி கையில ஆரம்பிக்கும். இது ஒரே ராத்திரியில அக்குள்லேர்ந்து கிளம்பியிருக்கு."

"அப்ப... டேனரி வியாதியா? பச்சைத் தோல் தொடுறவங்களுக்கு வருமே..."

"அது கருப்புப் பொருக்கா ஒண்ணு ரெண்டு வரும். இப்டி உடம்பெல்லாம் பந்தி போடாது. அதுன்னு நான் எழுதிக் குடுத்தா உங்க குடோன்ல இருக்கிற தோலையெல்லாம் கொளுத்திடுவாங்க. பரவால்லியா?"

மக்பூல் வாயைப் பொத்திக்கொண்டான்.

"டீயில..." என்று மறுபடி முனகினார் முக்தார்.

டாக்டரின் புருவம் ஏறியது. வாசலுக்குப் போய் ஜட்காக்காரரை அழைத்தார்.

"நேரா ஸ்டேஷனுக்குப் போப்பா. இன்ஸ்பெக்டரக் கையோட கூட்டியா!"

மக்பூல் சுவரில் சாய்ந்தான். ஓடிவிடலாமா?

கால் நகரவில்லை. தாடி முளைக்காத வயதில் அவனைத் தோல் கிடங்குக்குக் கூட்டிப்போய், எந்தத் தோலில் உண்ணி கடித்த ஓட்டை, எதில் கத்தி வெட்டு என்று கற்றுக்கொடுத்தவர் முக்தார். கால் பங்கு கொடுத்தபோது ஊரே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை.

அவருக்குப் போய்...

ஒவ்வொரு கொப்புளமும் ஒரு கண்ணாய் அவனை முறைத்தது.

*

இன்ஸ்பெக்டர் சாமிநாதன் தொப்பையோடும் லத்தியோடும் வந்தார்.

"இன்னா டாக்டரே, கொலையா?"

"இன்னும் உசுரு இருக்கு ஸார்."

"அப்ப அரைக் கொலை. டீ போட்டது யாரு?"

வீட்டுச் சமையற்காரர், தான் அன்றைக்குக் கலவை ஊருக்குப் போயிருந்ததாகச் சொன்னார்.

மக்பூல் கட்டிலின் மறுபக்கம் நகர்ந்தான்.

டாக்டர் பையைத் திறந்து ஒரு ஜாடியை எடுத்தார். வெள்ளைக் களிம்பு.

"சீழுக்கு இதைத் தடவுவோம். பாதரசக் களிம்பு. கொப்புளம் அமுங்கிடும்."

விரலால் வழித்தார். முக்தாரின் கழுத்தருகே கொண்டுபோனார்...

'பாதரசம் கலந்த மாத்திரை பாய், ரெண்டுக்கு மேல கூடாது. சில பேருக்கு ஒத்துக்காது.' மருந்துக் கடைக்காரரின் குரல் மக்பூலின் காதில் இடித்தது.

வாயை மூடிக்கொண்டிருந்தால் தப்பிக்கலாம்.

அவர் தப்பிக்க மாட்டார்!

"வேணாம் டாக்டர்! தொடாதீங்க! ஏற்கெனவே உள்ளே ரசம் போயிருக்கு!"

டாக்டரின் விரல் அந்தரத்தில் நின்றது.

இன்ஸ்பெக்டர் மெல்லத் திரும்பினார்.

"அது உங்களுக்கு எப்டித் தெரியும் மக்பூல் பாய்?"

லத்தி மக்பூலின் மார்பில் பதிந்தது.

"எவ்ளோ போட்டே? சொல்லு!" மரியாதை மாடியிறங்கிப் போயிருந்தது.

மக்பூலின் கண் திரைக்குப் போயிற்று. அக்காள் கேட்டுக்கொண்டிருக்கிறாள். அவளுடைய காதில் விழும்படி அந்த எண்ணிக்கையை எப்படிச் சொல்வது?

தோள் துண்டை எடுத்தான். இன்ஸ்பெக்டரின் கையைப் பிடித்து அதன் மேல் போர்த்தினான்.

தோல் சந்தைப் பேரம்! துண்டுக்கு அடியில் விரலைப் பிடித்து விலை சொல்வார்கள். பக்கத்தில் நிற்பவனுக்குத் தெரியாது. வாயால் ஆயிரம் பொய் சொல்கிற வியாபாரிகூடத் துண்டுக்குள் பொய் சொல்வதில்லை. சொன்னால் மறுநாள் அவன் கையைப் பிடிக்க ஆள் இருக்காது.

இன்ஸ்பெக்டரின் இரண்டு விரல்கள் அழுத்தப்பட்டன.

"ரெண்டு... இருநூறா, ரெண்டாயிரமா?"

"ரெண்டே ரெண்டு மாத்திரை ஸார்! பேதி மாத்திரை. கொல்றதுக்கில்ல. நேத்து மெட்ராஸ் ஏஜென்ட் வந்தாரு. பாய் கக்கூஸ்ல இருந்தா நானே பேரத்த முடிச்சுக் கமிஷன் பாத்துக்கலாம்னு... அவ்ளோதான்!"

அழுதுவிட்டான். இருபத்தெட்டு வயதுக்காரன், மூக்கு ஒழுக அழுதான்.

"என்னைத் தூக்குல போடுங்க. அவரக் காப்பாத்துங்க!"

இன்ஸ்பெக்டர் விலங்கை எடுத்தார்.

"நில்லுங்க!"

திரை ஆடியது.

"அவன வுடுங்க. அவன் போட்டது ரெண்டுதான். நான் போட்டது மூணு!"

"ஆபா?!"

"முந்தாநாள் ராத்திரி பால்ல கலந்தேன் ஸார். மறுநாள் வாணியம்பாடில அவங்களுக்கு நிக்கா. ரெண்டாந்தாரம்! எனக்குத் தெரியாதுன்னு நெனச்சாங்க. மாப்பிள ஊட்டுலயே குந்திக் கெடக்கட்டும்னு போட்டேன். இப்டி சீழ் புடிக்கும்னு சத்தியமா தெரியாது. ராத்திரில்லாம் அவங்க மொனகினாங்க. கேட்டுக்கினே படுத்திருந்தேன், பாவி..."

குரல் உடைந்தது.

டாக்டர் களிம்பு ஜாடியை மூடினார். "அஞ்சு மாத்திரை! பேதி மட்டும் போயிருந்தா சரி. பாதரசம் ஒத்துக்காத உடம்புக்குள்ள போனா தோல் இப்டித்தான் சீழ்க் கொப்புளமா வெடிக்கும். பாக்கறவங்க அம்மைன்னுதான் நெனைப்பாங்க."

"பொழைப்பாரா?" அக்காளும் தம்பியும் ஒரே குரலில் கேட்டார்கள்.

"இனிமே ரசம் உள்ள போகாம இருந்தா. நல்லவேளை, இந்தக் களிம்பு படல. ஜுரம் எறங்கி, கொப்புளம் காஞ்சு, மேல்தோல் தானா உரிஞ்சிடும்."

"டேனரி சுண்ணாம்புத் தொட்டில ஊற வெக்காமலேயா?" என்றார் இன்ஸ்பெக்டர். பிறகு திரையைப் பார்த்தார். "அம்மா, நீங்க பர்தாவ தாண்டாதவங்க. மாத்திரை யாரு வாங்கியாந்தது?"

"யாரும் வாங்கல. அவங்க அலமாரிலயே ஒரு சீசா இருந்துச்சு."

"அவர் அலமாரியிலயா? அது அங்க எப்டி வந்துச்சு?"

மக்பூல் அக்காளின் திரையைப் பார்த்தான். டாக்டர் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார்.

கட்டில் கிறீச்சிட்டது!

போர்வைக்குள்ளிருந்து ஒரு கை வெளியே வந்தது. கொப்புளம் மூடிய கை. அது காற்றில் துழாவி இன்ஸ்பெக்டரின் கையைத் தேடியது.

இன்ஸ்பெக்டர் ஒரு கணம் தயங்கினார். பிறகு துண்டை அந்தக் கையின் மேல் போட்டு, தன் கையையும் உள்ளே விட்டார்.

நான்கு விரல்கள் அழுத்தப்பட்டன.

"நாலா? நீங்களேவா?"

"மாப்பிளன்னா..." முக்தாரின் குரல் கிணற்றடியிலிருந்து வந்தது. "நிக்காவுக்கு முன்ன... வயிறு சுத்தமா இருக்கணும்னு... தொப்பை கொஞ்சம் கம்மியாவும்னு..."

திரைக்குப் பின்னால் வளையல்கள் உரக்கக் குலுங்கின.

மக்பூல் கட்டிலின் காலடியில் விழுந்தான். "பாய், மன்னிச்சிடுங்க! கமிஷன அப்டியே குடுத்திடறேன்!"

முக்தார் ஒரு கண்ணைத் திறந்தார்.

"ஏஜென்ட்டுக்கு... எவ்ளோக்கு முடிச்சே?"

மக்பூல் குனிந்து காதில் சொன்னான்.

முக்தாரின் முகத்தில் முதல் தடவையாக உண்மையான வலி தெரிந்தது.

"ஏமாந்துட்டியேடா..."

இன்ஸ்பெக்டர் விலங்கை மடித்துப் பைக்குள் போட்டார்.

"கணக்க முடிச்சிடலாம். மச்சான் போட்டது ரெண்டு. பீவி போட்டது மூணு. சொந்தக் கையால நாலு. ஆக ஒம்போது. ஜாஸ்தி போட்டவரப் புடிக்கணும்னா, பொணமா கெடக்கறவரத்தான் விலங்கு மாட்டணும். அதுக்கும் கொப்புளம் இடம் குடுக்கல!"

முக்தார் ஈனமாய்க் கேட்டார். "வாணியம்பாடிக்காரங்க... இன்னா சொன்னாங்க?"

"கணக்குல அந்த நிக்கா மட்டும் பாக்கி நிக்குது சாயபு," என்றார் இன்ஸ்பெக்டர்.

திரை விலகாமலேயே பதில் வந்தது.

"அந்தப் பாக்கிய நான் தள்ளுபடி பண்ணிட்டேன்!"