ஒன்பதாம் நம்பர் வில்லை

பலகையில் ஒரு வில்லை மிச்சமிருந்தது.

தண்ணீர் விசையில் சுற்றி மின்சாரம் தரும் சுழலியைப் பழுது பார்க்கக் குழிக்குள் இறங்குபவர், கட்டுப்பாட்டு அறை வாசலில் உள்ள பலகையில் தன் நம்பர் போட்ட பித்தளை வில்லையை மாட்டிவிட்டுத்தான் இறங்க வேண்டும். ஏறி வந்ததும் அவரேதான் கழற்ற வேண்டும். வேறு யாரும் தொடக் கூடாது. பலகை காலியானால்தான் அணைத் தண்ணீரைத் திறப்பார்கள். மின் நிலையம் கட்டிய நாளிலிருந்து ஐம்பது வருடமாக இதுதான் வழக்கம். கம்ப்யூட்டர் வந்து என்னென்னவோ மாறியும் இந்தப் பலகை மாறவில்லை.

இன்று நாலு பேர் இறங்கினார்கள். நாலு பேரும் ஏறி வந்து, அவரவர் வில்லையைக் கழற்றிக்கொண்டு சாப்பிடப் போய்விட்டார்கள். அதன் பிறகும் ஆணியில் ஒன்பதாம் நம்பர் தொங்கியது. அதிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

தண்ணீரைத் திறக்க வேண்டிய ஆபரேட்டர் அந்த நம்பரை இரண்டு முறை படித்துப் பார்த்தார்.

ஒன்பதாம் நம்பர், பதினோரு வருடத்துக்கு முன் ஒரு ஃபிட்டருடையது. மனுஷன் மகா மறதிக்காரர். வில்லையைக் கழற்றாமலே டீ குடிக்கப் போய்விடுவார். ஆபரேட்டர்தான் தேடிப் பிடித்துத் திட்டிக் கூட்டி வருவார். அன்று தேடிப் போகச் சோம்பல். தானே வில்லையைக் கழற்றி மேஜை இழுப்பறையில் போட்டுவிட்டு, ஆளெல்லாம் வந்தாச்சு என்று சொல்லித் தண்ணீரைத் திறந்தார். டீக்கடையில் ஃபிட்டர் இல்லை. ஆற்றில் குளிக்கப் போய் அடித்துச் செல்லப்பட்டார் என்று எல்லோருமாக முடிவு கட்டினார்கள். ஆபரேட்டர் வாய் திறக்கவில்லை. அந்த வில்லையை அன்றே ஆற்றில் வீசினார்.

"மாமா, இன்னும் என்ன யோசனை?" என்றான் மனைவியின் தம்பி. அதே ஷிப்டில் உதவியாளன். "மேலிடத்துலேருந்து மூணு தடவை போன் வந்துடுச்சு. பாதி ஊருக்குக் கரண்ட் இல்ல."

"உள்ள யாரோ இருக்காங்க மாப்ளே."

"நாலு பேரையும் நான்தானே எண்ணி ஏத்தினேன்!"

"ஒரு எட்டு பார்த்துட்டு வந்துடுறேன். நானே வந்து கழற்றுற வரைக்கும் பலகையில கை வைக்காதே."

"சத்தியமா தொட மாட்டேன். போயிட்டு வாங்க."

இன்னொரு தடவை அந்தப் பாவத்தைச் சுமக்க அவரால் முடியாது. ஒன்பதின் பக்கத்தில் தன் நாலாம் நம்பரை மாட்டிவிட்டு இறங்கினார்.

கிரீஸும் பாசியும் கலந்த வாடை மூக்கில் ஏற, நீண்ட வயர் வைத்த போனை ஒரு கையிலும் டார்ச்சை மறு கையிலும் பிடித்துக்கொண்டு, இரும்புக் கதவின் வழியே குனிந்து நுழைந்து, நத்தைக்கூடுபோல் வளைந்து போகும் அந்த ராட்சசக் குழாய்க்குள் தன் காலடிச் சத்தம் முன்னால் போய்த் திரும்பி வருவதைக் கேட்டபடியே கடைசி வரை நடந்தார். யாருமில்லை. பெருமூச்சு விட்டுத் திரும்பினார்.

தரையில் ஈரக் காலடிகள். வரும்போது இல்லாதவை. அவர் நின்ற இடத்தில் தொடங்கிக் கதவை நோக்கிப் போயிருந்தன.

"மாப்ளே, இங்க யாருமில்ல. நான் ஏறி வர்றேன்."

போனில் உதவியாளனின் குரல் கேட்டது.

"யாரு பேசுறது?"

"நான்தான்டா, மாமா!"

"விளையாடாதீங்க. மாமா இப்பத்தானே ஏறி வந்தாரு. ரெண்டு வில்லையையும் அவரே கழற்றி இழுப்பறையில போட்டாரு. ஆளெல்லாம் வந்தாச்சுன்னாரு. சட்டையெல்லாம் சொட்டச் சொட்ட... தண்ணியைத் திறந்துட்டேனே!"

ஓடினார். வழுக்கி விழுந்தார். எழுந்தார். எங்கோ மேலே ஓர் உறுமல். காதில் காற்று அடைத்தது.

கதவு மூடியிருந்தது. வயர் அதில் நசுங்கி அறுந்து கிடந்தது.

வெளியே யாரோ ஸ்பேனர் போட்டுத் திருகிக்கொண்டிருந்தார்கள். அவசரமே இல்லாமல். ஒவ்வொன்றாக. ஒரு திருகைக்கூட மறக்காமல்.