இடது புருவத்தில் வெட்டுத் தழும்பு

முந்தின நாள் சாயங்காலம் 'வலது முழங்கையில் மச்சம்' என்று பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் அவனே தட்டிச் சேமித்து வைத்திருந்த இடத்தில், காலையில் திறந்து பார்த்தால் 'இடது புருவத்தில் வெட்டுத் தழும்பு' என்று இருந்தது.

காஜா தன் இடது புருவத்தை விரலால் தடவிப் பார்த்தான். அங்கே ஒன்றுமில்லை. சொந்தப் புருவத்தைத் தடவித் தெரிந்துகொள்ளும் நிலைமைக்கு வந்துவிட்டோமே என்று சிரிப்பு வந்தது. போன் எங்கிருந்தோ பழைய குப்பையை எடுத்துப் போட்டிருக்கும் என்று அதை அழித்துவிட்டு மறுபடி மச்சத்தை எழுதினான். கட்டைவிரல் பட்ட இடமெல்லாம் திரையில் எண்ணெய்ப் பிசுக்கு படிந்தது. சட்டையில் துடைத்தான். துடைக்கத் துடைக்கப் பரவியது. வெளியே வடகரைத் தென்னந்தோப்புகளின் மேல் மூன்று நாளாக விடாத சாரல்; ஜன்னல் வழியாக ஈரக் காற்றோடு இன்னொரு வாசனையும் வந்தது, குற்றாலத்தில் அருவிக்குப் போகிற வழியில் எண்ணெய் தேய்த்துவிடுகிறவர்களைத் தாண்டும்போது மூக்கில் ஏறுமே, அந்த மூலிகை எண்ணெய் வாசனை. வீட்டில் அன்று யாரும் எண்ணெய் தேய்த்துக் குளிக்கவில்லை.

அடுத்த கேள்வி, வேறு பெயரால் அறியப்படுகிறீர்களா என்றிருந்தது. விரல் கொஞ்சம் தயங்கியது. 'இல்லை' என்பதைத் தொட்டான்.

ஊரில் அவனைக் காஜா என்று கூப்பிடாத ஆள் கிடையாது. பாஸ்போர்ட்டில் மட்டும் அவன் முகம்மது மீரான். மீரான் அவனுக்கு மூன்று வயது மூத்த அண்ணன். ஆறு வயதில், இதே போல ஒரு சாரல் காலத்தில் குடும்பத்தோடு குற்றாலம் போனபோது, உடம்பு முழுக்க எண்ணெய் தேய்த்துக்கொண்டு வாப்பாவின் கையைப் பிடித்தபடி பாறையில் நின்றவன். வாப்பா இறுக்கித்தான் பிடித்திருந்தார். எண்ணெய் வழுக்கிவிட்டது. சிற்றாறு போகிற வழியெல்லாம் தேடியும் உடம்பு கிடைக்கவில்லை, அதனால் அந்தச் சாவை யாரும் எங்கும் எழுதி வைக்கவும் இல்லை.

2005-இல் காஜாவுக்குப் பத்தொன்பது வயது. சவுதிக்கு ஆள் எடுத்த ஏஜெண்ட் இருபத்தொன்று முடிந்திருக்க வேண்டும் என்றான். பீரோவில் மீரானின் பிறப்புச் சான்றிதழ் சும்மா கிடந்தது. வயசு பத்தாத பையன்கள் அண்ணன் சர்டிபிகேட்டில் போவது அந்தக் காலத்தில் புதுசில்லை. வாப்பா அதை எடுத்துக் கொடுத்தார். பின்னால் கேள்வி வரக்கூடாதே என்று, தண்ணீரில் போனவன் இளையவன் காஜா என்று எழுதி ஓர் இறப்புச் சான்றிதழும் வாங்கி வைத்துவிட்டுத்தான் கண்ணை மூடினார்.

அதிலிருந்து ஆதார், நிக்காஹ் பதிவு, மகளின் பிறப்புச் சான்றிதழ், எல்லாவற்றிலும் மீரான்தான். முதல் பாஸ்போர்ட்டுக்கு ஏஜெண்ட் எழுதினான், இரண்டாவதற்குத் தம்மாமில் கம்பெனி ஆள் எழுதினான். இந்தத் தடவைதான் அவனே உட்கார்ந்து, தன் விரலாலேயே, காஜா என்று ஒருவன் இல்லை என்று சொன்னான். ஆகஸ்ட் பத்துக்குள் திரும்பிப் போகாவிட்டால் விசா ரத்து. அந்தப் பெயர் கையைவிட்டுப் போனால் வேலை போகும், சொல்லப்போனால் காகிதத்தில் மனைவியும் பிள்ளையும்கூட அவனுக்கு இல்லை. விண்ணப்பத்தை அனுப்பிவிட்டு போனைக் கவிழ்த்து வைத்தான்.

மத்தியானம் சாப்பிடும்போது, பேச்சுவாக்கில் கேட்பது போல, அண்ணனுக்குப் புருவத்தில் ஏதாவது தழும்பு உண்டா என்று உம்மாவிடம் கேட்டான். உம்மா ஆசியா முப்பத்தாறு வருடமாக அந்தப் பிள்ளையின் பேச்சையே எடுத்ததில்லை. குழம்புக் கரண்டி அப்படியே நின்றது.

"இடது புருவம். உரல்ல விழுந்து கிழிச்சுக்கிட்டான்" என்றாள். பிறகு அவனை நிமிர்ந்து பார்த்தாள். "ஒனக்கு எப்படிலே தெரியும்? அவன் வந்தானா?"

கேட்டுவிட்டுச் சிரித்தாள். அந்தச் சிரிப்பு அவனுக்குப் பிடிக்கவில்லை.

நான்காம் நாள் திருநெல்வேலியில் சேவை மையம். பஸ்ஸில் ஜன்னலோரம்கூட உட்காராமல், குடையைப் பிடித்துக்கொண்டு, ஒரு பொட்டு நனையாமல்தான் போனான். கவுண்டரில் இருந்த பெண் கேமராவைப் பார்க்கச் சொன்னாள். பிறகு விரல் ரேகை. இயந்திரம் சிவப்பு விளக்கைக் காட்டியது. அவள் ஒரு துணியை நீட்டினாள். துடைத்து வைத்தான், மறுபடியும் சிவப்பு.

"என்ன சார், குற்றாலத்துல எண்ணெய் தேய்ச்சிட்டு நேரா இங்க வாறீங்களா?" என்றாள் அவள், சலித்துக்கொள்ளாமல்.

நான்காவது தடவை பச்சை எரிந்தது. விவரம் எல்லாம் சரிதானா பாருங்கள் என்று திரையை அவன் பக்கம் திருப்பினாள். படத்தில் அவன்தான் இருந்தான், அவன் சட்டைதான். ஆனால் முடி நெற்றியோடு ஒட்டிப்போய், காதோரம் தண்ணீர் ஒழுகிக்கொண்டிருந்தது. இடது புருவத்தைக் குறுக்கே ஒரு வெள்ளைக் கோடு அறுத்துக்கொண்டு போனது. காஜா தலையைத் தொட்டுப் பார்த்தான். காய்ந்துதான் இருந்தது. பின்னால் வரிசை நெருக்கியது. இது நான் இல்லை என்று சொல்ல வேண்டிய இடம் அது, ஆனால் அதைச் சொல்லிவிட்டு வேறு யார் என்று சொல்வான்? சரியாக இருக்கிறது என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டான்.

வீடு திரும்பியபோது கூடத்துத் தரையில் ஈரக் கால்தடம் இருந்தது. கொல்லைக் கதவிலிருந்து உம்மாவின் கட்டில் வரை, சின்னச் சின்னப் பாதங்கள், விரல்களைத் தனித்தனியாக எண்ணலாம். மகள்தான் மழையில் ஆடியிருப்பாள் என்று நினைத்துத் துடைத்தான். தண்ணீரோடு எண்ணெய் மிதந்தது. மகள் பள்ளிக்கூடத்திலிருந்து இன்னும் வரவில்லை என்பது துடைத்து முடித்த பிறகுதான் உறைத்தது.

மறுநாளும் தடம் இருந்தது, கொஞ்சம் பெரிதாக, பத்துப் பன்னிரண்டு வயதுப் பையனின் பாதம் போல. அதற்கு அடுத்த நாள் அவன் தன் காலை அதன் மேல் வைத்துப் பார்த்தான். அளவு சரியாக இருந்தது.

அன்று பகல் முழுக்கக் குளியலறையில் தண்ணீர் விழுந்துகொண்டிருந்தது. வாளியில் மோந்து ஊற்றுகிற சத்தம் இல்லை. உயரத்திலிருந்து பாறையில் விழுந்து தெறிக்கிற, மூச்சுக்கு இடைவெளி விடாத சத்தம். சாரலுக்கு நடுவே முதலில் தெரியவில்லை. தெரிந்த பிறகு அது மட்டும்தான் கேட்டது. அவன் மாடியில் தேங்காய்களை மூட்டை மாற்றிக்கொண்டிருந்தவன், இறங்கி வந்து, யார் இவ்வளவு நேரம் குளிப்பது என்று மனைவி நஸீபாவிடம் கேட்டான்.

அவள் சோறு வடித்துக்கொண்டே திரும்பிப் பார்த்தாள். முகத்தில் கேலி இருந்தது. மெதுவாக அது கலைந்தது.

"நீங்கதான காலையிலேருந்து குளிக்கிய" என்றாள். "இப்பதான் துண்டு கேட்டிய. நான் குடுத்தேன்."

அவன் கதவைத் தட்டினான். தண்ணீர் நின்றது. உள்ளே யாரோ நிற்கிறார்கள். மூச்சு விடுவது கேட்டது. இவன் மூச்சை அடக்கினான். அதுவும் அடங்கியது. தாழ்ப்பாள் வெளிப்பக்கம் போட்டிருந்தது. அவன் அதைத் தொடவில்லை, தொட அவனுக்குத் தைரியம் இல்லை.

அன்றிலிருந்து உம்மா ஒரு தட்டு கூடுதலாக வைத்தாள்.

வியாழக்கிழமை போலீஸ் விசாரணைக்கு வருவதாகப் போன் வந்தது. எபனேசர் என்று ஒரு ஏட்டு, நல்ல மாதிரியாகப் பேசினார். வீட்டில் இருங்கள், பக்கத்து வீட்டார் இரண்டு பேரின் ஆதார் நகல் வேண்டும் என்றார். காஜாவுக்கு மூச்சு வந்தது. இது ஒன்று முடிந்தால் பாஸ்போர்ட் வந்துவிடும்; வந்ததும் ஏறிப் போய்விடலாம்; தம்மாமின் மணலில் இந்தத் தண்ணீர் எப்படி வரும் பார்ப்போம். பக்கத்து வீடுகளில் கார்டை வாங்கிக்கொண்டு ஜெராக்ஸ் கடைக்கு ஓடினான். கரண்ட் இல்லை. கால் மணி நேரம். அரை மணி நேரம். இயந்திரம் ஓடியதும் நகலை வாங்கிச் சட்டைக்குள் சொருகிக்கொண்டு ஓடி வந்தபோது, அவன் வீட்டு வாசலில் மழைக்கோட்டு போட்ட ஒருவர் பைக்கை மிதித்துக்கொண்டிருந்தார்.

சார், நகல் கொண்டுவந்திருக்கிறேன் என்றான்.

"எல்லாம் முடிஞ்சுட்டு" என்றார் எபனேசர். "மீரான் வீட்டுலதான இருக்காரு. ஆள பாத்தாச்சு, போட்டோவும் சரியா இருக்கு, கையெழுத்தும் வாங்கியாச்சு. நீங்க யாரு?"

மழை அவன் தலையில் விழுந்தது. வாயைத் திறந்தான். இருபது வருடமாக எந்தக் காக்கிச் சட்டையிடமும் சொல்லாத பெயர்.

"காஜா."

ஏட்டு அவனை ஏற இறங்கப் பார்த்தார். "காஜான்னு ஒரு தம்பி இருந்து, மூணு வயசுல அருவியில போயிட்டான்னுல்லா அந்தம்மா சொன்னாவ. சர்டிபிகேட்டும் காட்டுனாவ." வேறு காஜாவாக இருக்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு கிளம்பிப் போனார். பைக் சத்தம் தேய்ந்தது. தண்ணீர்ச் சத்தம் தேயவில்லை. அது இப்போது தெருவிலிருந்து வந்தது.

வாசற்படியில் ஏறி நின்றான்.

கூடத்தில் நாற்காலி. அதில் ஒருவன், முதுகு காட்டி. காஜாவின் கைலி. தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது. உம்மா துவட்டினாள். மறுபடி சொட்டியது. மறுபடி துவட்டினாள். மகள் அவன் முழங்காலைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "வாப்பா" என்றாள். அவனிடம்.

நஸீபா டீ கிளாஸோடு வந்தாள். வாசலைப் பார்த்தாள். காஜா அவள் பெயரைச் சொன்னான். அந்நிய ஆண் யாரோ படியேறி வந்துவிட்டால் செய்வது போல, முக்காட்டை நெற்றி வரை இழுத்துவிட்டுக்கொண்டு, அவள் உள்ளே போய்விட்டாள்.

உம்மா மட்டும் எழுந்து வந்தாள். அவளுக்கு அவனைத் தெரிந்தது. கண்ணில் தண்ணீர் நின்றது.

"காஜா" என்றாள் மெதுவாக. "முப்பத்தாறு வருசம் அவன் தண்ணிக்குள்ள கெடந்தாம்லா. ஒன் பேருலதான் அந்தச் சாவு எழுதியிருக்கு. இனி நீ போ, ராசா."

நாற்காலியில் இருந்தவன் திரும்பினான். அவன் முகம்தான். இடது புருவத்தில் ஒரு வெள்ளைக் கோடு.

காஜாவின் கால் படியில் வழுக்கியது. பின்னால் தெரு இல்லை. இரைச்சல். எண்ணெய் வாசனை. உம்மாவை நோக்கிக் கையை நீட்டினான். அவள் பிடித்தாள், ஆனால் வாப்பாவைப் போல இறுக்கிப் பிடிக்கவில்லை. அவள் விரல்களுக்குள்ளிருந்து நழுவிக்கொண்டிருந்த அந்தக் கையை அவன் பார்த்தான். எண்ணெய் மினுமினுக்க, மணிக்கட்டில் கறுப்புக் கயிறு கட்டிய, மூன்று வயதுக் கை.